ஷிப்ட் பேச்சு

தண்டலத்தில் கம்பெனி பஸ்ஸுக்கு நிற்கும் பிள்ளைகள் பேசுவதைக் கேட்டால் கிழமையே காதில் விழாது. "இந்த வாரம் செகண்டுடா, படத்துக்கு அடுத்த வாரம் போலாம்." மதியம் 2 மணிக்கு உள்ளே போய் இரவு 10 மணிக்கு வெளியே வருவது, ஆறிய சாப்பாடு, மறுநாள் தாமதமாக எழுவது எல்லாம் அந்த 'செகண்டு'க்குள் அடக்கம். இந்தச் சுருக்கம் எனக்கு மிகவும் பிடிக்கும். இருங்காட்டுக்கோட்டையிலிருந்து ஒரகடம் வரை தொழிற்சாலைகளில் இதே பேச்சுதான்.

நைட் ஷிப்ட்காரரின் 'நேற்று' இன்னும் அழகு. விடிகாலை 4 மணிக்குப் பார்த்த வேலையும் அவருக்கு நேற்றைய வேலை. ரூமுக்கு வந்து தூங்கி எழுந்தால்தான் 'இன்று'. 1948-ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம், 57-ஆம் பிரிவில், இதையே எழுதிவைத்தது: நள்ளிரவைத் தாண்டும் ஷிப்டில் 12 மணிக்குப் பிறகு உழைத்த நேரம் முந்தைய நாள் கணக்கில் சேரும்; ஷிப்ட் முடிந்ததிலிருந்துதான் அவருக்கு அடுத்த நாளின் 24 மணி நேரம்.

தொல்காப்பியம் நாளை ஆறு சிறுபொழுதாகப் பகுத்து, யாமத்தைக் குறிஞ்சிக்கும் வைகறையை மருதத்துக்கும் உரியதாக்கியது. பொழுதைச் சொன்னாலே வாழ்வும் விளங்கிவிடும் அந்த நுட்பம், எந்தப் புலவரும் வகுக்காமலேயே இந்தப் பிள்ளைகளின் வாயில் இருக்கிறது.

உங்களுக்குத் தெரிந்தவர் யாராவது அந்தத் தொழிற்சாலைகளில் வேலை பார்த்தால், பகல் 11 மணிக்கு போன் அடிக்காதீர்கள். முதலில் "இந்த வாரம் என்ன ஷிப்ட்?" என்று மெசேஜில் கேளுங்கள்.