காட்டுக் கதைகளும் கரியாலூர்க் காடும்

கோடை விடுமுறையில் ஒருநாள், கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயபாளையம் வழியாகக் கல்வராயன் மலைக்குப் பேருந்தில் சென்றுகொண்டிருந்தோம். கோமுகி அணையைத் தாண்டியதும் வளைந்து வளைந்து ஏறும் மலைப்பாதை தொடங்கிவிட்டது. முன் இருக்கையில் பத்து வயதுச் சிறுவன் ஒருவன். அவன் மடியில் வண்ணப் படங்கள் நிறைந்த காட்டுச் சாகசக் கதைப் புத்தகம். அட்டையில் பாயும் புலி, தொங்கும் மலைப்பாம்பு, கயிற்றுப் பாலம். வண்டி கரியாலூரை நெருங்கியபோது அவன் தந்தையைக் கேட்டான்:

"அப்பா, காடு எப்பப்பா வரும்?"

"இதுதாண்டா காடு. இவ்வளவு நேரமா அதுக்குள்ளதான வந்தோம்!"

பையன் அட்டைப் படத்தைப் பார்த்தான்; பிறகு வெளியே பார்த்தான். இலை உதிர்ந்த மரங்களும் காய்ந்த புல்லுமே தெரிந்தன. அவன் முகம் வாடிவிட்டது.

குற்றம் அச்சிறுவனுடையது அன்று. அவன் படித்த புத்தகத்துடையது. காட்டைப் பற்றிய ஒரு நூல், காட்டைக் கண்ணெதிரே கண்டும் அறிந்துகொள்ள முடியாதபடி ஒரு குழந்தையைச் செய்துவிடுமானால், அந்நூலால் என்ன பயன்? சிறுவர்களுக்கான காட்டுச் சாகச நூல்களை இக்கேள்வியை வைத்தே எடைபோட வேண்டும்.

வறண்டதும் காடே

இந்நூல்களில் வரும் காடு எப்போதும் இருண்டது, ஈரமானது, கொடிகள் பின்னியது. அது அமேசானிலும் காங்கோவிலும் உள்ள மழைக்காடு. நம் கல்வராயன் மலையின் அடிவாரத்தில் இருப்பது முட்புதர்க் காடு. அதற்கு மேலே இலையுதிர்க் காடு. மூங்கிலும் வேங்கையும் கடுக்காயும் அங்கே வளர்கின்றன. உயரமான ஈரப் பள்ளங்களில் மட்டுமே பசுமை மாறாச் சோலைகளைக் காணலாம்.

கோடையில் மரங்கள் இலைகளை உதிர்ப்பது ஏன்? இலைகளிலுள்ள நுண்துளைகள் வழியாக நீர் ஆவியாகி வெளியேறுகிறது. மண்ணில் நீர் குறையும்போது மரம் இலைகளைக் களைந்து அச்செலவைக் குறைத்துக்கொள்கிறது. ஆகவே, சிறுவன் கண்டது செத்த காடு அன்று. சிக்கனமாக வாழும் காடு.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. 'ஜங்கிள்' என்னும் ஆங்கிலச் சொல், 'ஜாங்கலம்' என்னும் வடசொல்லிலிருந்து பிறந்தது. பழைய ஆயுர்வேத நூல்களில் ஜாங்கலம் என்பது நீர் குறைந்த வறண்ட நிலத்தைக் குறிக்கும். அப்படிப் பார்த்தால் கரியாலூர்ச் சரிவுகளே உண்மையான 'ஜங்கிள்'!

டார்ஜான் கண்ட புலி

டார்ஜான் கதையை எழுதிய எட்கர் ரைஸ் பரோஸ் ஆப்பிரிக்காவைக் கண்ணால் கண்டவர் அல்லர். 1912-இல் பத்திரிகையில் வெளிவந்த முதற்கதையில், ஆப்பிரிக்கக் காட்டில் புலியை உலவவிட்டார். ஆப்பிரிக்காவில் புலி கிடையாது. 1914-இல் நூலாக வந்தபோது அப்புலி பெண் சிங்கமாக மாறியது. ருட்யார்ட் கிப்ளிங் 1894-இல் வெளியிட்ட 'ஜங்கிள் புக்' இலக்கியச் சுவை மிக்க நூல்தான். ஆனால் அதில் மலைப்பாம்பு தன் பார்வையாலும் அசைவாலும் குரங்குகளை மயக்குகிறது. பாம்புக்கு அப்படிப்பட்ட சக்தி இல்லை. அதற்கு இமை கிடையாது. கண்ணை ஒளி ஊடுருவும் செதில் ஒன்று மூடியிருக்கிறது. அதனால்தான் அது இமைக்காமல் முறைப்பதுபோல் தோன்றுகிறது.

இன்னொரு பழைய நண்பர் புதைமணல். கதைகளில் அது ஆளையே விழுங்கிவிடும். 2005-இல் நெதர்லாந்து விஞ்ஞானிகள் இதை ஆராய்ந்து பார்த்தார்கள். புதைமணலின் அடர்த்தி மனித உடலின் அடர்த்தியைப் போல் சுமார் இரு மடங்கு. ஆகவே, மனிதன் இடுப்பளவுக்கு மேல் அதில் அமிழ்வதில்லை. நீரில் மிதப்பதற்குரிய ஆர்க்கிமிடீஸ் தத்துவமே இங்கும் செயற்படுகிறது.

உயிரைப் பறிக்கும் பிழை

கதைதானே, பிழை இருந்தால் என்ன என்று சிலர் கேட்கலாம். புலி இடம் மாறினால் யாரும் சாவதில்லை. ஆனால் பாம்புக்கடி பற்றிய பிழை அப்படிப்பட்டதன்று. கதாநாயகன் கத்தியை எடுத்துக் கடிவாயைக் கீறுவான், வாயால் நஞ்சை உறிஞ்சித் துப்புவான், கயிற்றால் இறுகக் கட்டுவான், நண்பன் பிழைத்துக்கொள்வான். எத்தனை நூல்களில் இக்காட்சியைப் படித்திருக்கிறோம்!

இம்மூன்றுமே தவறு. நஞ்சு உடனே திசுக்களுக்குள் பரவிவிடுவதால், உறிஞ்சி எடுக்க முடியாது. கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகியவற்றின் நஞ்சு இரத்தத்தை உறையவிடாமல் செய்யும். அந்நிலையில் கத்தியால் கீறினால் இரத்தப்போக்கு நிற்காது. இறுகக் கட்டினால் இரத்த ஓட்டம் தடைப்பட்டு அவ்வுறுப்பே அழுகிப்போகலாம். கடிபட்டவரைப் பதற்றப்படுத்தாமல், கடிபட்ட கையையோ காலையோ அசையாதபடி சிம்பு வைத்து, நடக்கவிடாமல் தூக்கிக்கொண்டு, நஞ்சுமுறி மருந்துள்ள மருத்துவமனைக்கு விரைவதே சரியான முறை.

2020-இல் வெளியான ஓர் ஆய்வு, 2000 முதல் 2019 வரை இந்தியாவில் சுமார் 12 இலட்சம் பேர் பாம்புக்கடியால் இறந்ததாக மதிப்பிட்டது. இப்படிப்பட்ட நாட்டில் சிறுவர் நூலில் வரும் ஒரு தவறான முதலுதவிக் காட்சி வெறும் கற்பனை அன்று. பதிப்பாளர்கள் இதை உணர வேண்டும்.

சுமைதூக்கிகளா, ஆசான்களா?

சாகச நூல்களின் இன்னொரு குறை, காட்டில் வாழும் மக்களை அவை சித்திரிக்கும் விதம். அவர்கள் ஒன்று ஈட்டியோடு ஓடிவரும் காட்டுமிராண்டிகள். அல்லது துரைக்கு மூட்டை சுமப்பவர்கள். லீ ஃபாக் 1936-இல் படைத்த முகமூடி வீரர், ராணி காமிக்ஸ் வழியாக 'மாயாவி' என்ற பெயரில் தமிழ்ச் சிறுவர்களின் நெஞ்சைக் கவர்ந்தார். அவர் கதைகளிலும் காட்டு மக்கள் ஒரு வெள்ளைக்கார வீரரை நம்பியே வாழ்கிறார்கள்.

கல்வராயன் மலையில் வாழ்பவர்கள் மலையாளிப் பழங்குடியினர். இவர்களுக்கும் கேரள மலையாளிகளுக்கும் தொடர்பில்லை; தாய்மொழி தமிழ். முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்பது இவர்களுடைய மரபுக் கதை. சாமையும் மரவள்ளியும் பயிரிடுகிறார்கள், கடுக்காய் சேகரிக்கிறார்கள். 1976-இல் அரசு ஏற்கும்வரை இம்மலை ஜாகீர்தார்களின் பிடியில் இருந்தது. இங்குள்ள உண்டு உறைவிடப் பள்ளியில் படிக்கும் ஒரு குழந்தை மேற்படி நூலைக் கையில் எடுத்தால், தன் தாத்தாவை அதில் எந்த உருவில் காணும்? இதை எண்ணும்போது வேதனையாக இருக்கிறது.

உண்மை நேர்மாறானது. நம் நாட்டில் நஞ்சுமுறி மருந்து செய்யப் பாம்பு நஞ்சு வேண்டும். அதை எடுத்துத் தருபவர்களில் முதன்மையானவர்கள் வேறொரு பழங்குடியினரான இருளர்கள். சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் 1978-இல் தொடங்கப்பெற்ற இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தார், பாம்பைப் பிடித்து, நஞ்சை எடுத்தபின் மீண்டும் காட்டிலேயே விட்டுவிடுகிறார்கள். கதாநாயகனின் கத்தி காப்பாற்றாத உயிரை இவர்களின் கைத்திறன் காப்பாற்றுகிறது. இதைவிடச் சிறந்த சாகசக் கதை வேறு வேண்டுமா?

நல்ல நூலுக்கு அடையாளம்

சாகசமே கூடாது என்பது நம் கருத்தன்று. ஜிம் கார்பெட்டின் நூல் 1944-இல் வந்தது, தமிழில் தி. ஜ. ர. மொழிபெயர்ப்பில் 'குமாயுன் புலிகள்' ஆயிற்று. 436 பேரைக் கொன்றதாகக் கூறப்படும் சம்பாவத் பெண்புலியை 1907-இல் சுட்டபின், கார்பெட் அதன் வாயைத் திறந்து பார்த்தார். வலப்புறக் கோரைப் பற்கள் இரண்டும் பழைய குண்டடியால் உடைந்திருந்தன. வழக்கமான இரையைப் பிடிக்க முடியாததாலேயே அது மனிதரைக் கொன்றது. கதை விறுவிறுப்பாகவும் இருக்கிறது; காரணத்தையும் கற்பிக்கிறது. பழைய சேலம் மாவட்டக் காடுகளைப் பற்றி எழுதிய கென்னத் ஆண்டர்சனும் தமக்கு வழிகாட்டிய பைரா என்னும் பழங்குடி நண்பரைப் பெயர் சொல்லிப் பாராட்டினார். ஆயினும் இவை துப்பாக்கிக் காலத்து நூல்கள். 1972-இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தபின், நம் சிறுவர்களுக்கு வேண்டியது குறிபார்க்கும் கண் அன்று. கூர்ந்து பார்க்கும் கண். ஜமால் ஆரா எழுதி நேஷனல் புக் டிரஸ்ட் வெளியிட்ட 'பறவைகளைப் பார்' போன்ற சிறு நூல்கள் அந்தக் கண்ணைத் தருகின்றன. அவற்றில் புலிப் பாய்ச்சல் இல்லை. ஆனால் படித்துவிட்டு வெளியே வரும் குழந்தைக்கு முதல் மரத்திலேயே ஏதேனும் தென்படும்.

குடும்பத்தோடு செய்யத்தக்கவை

கரியாலூரில் படகுத்துறையும் சிறுவர் பூங்காவும் உண்டு. பெரும்பாலான குடும்பங்கள் அவற்றைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகின்றன. ஒரு மணி நேரம் ஒதுக்கினால் போதும். பாதையோரத்தில் ஒரே ஒரு மரத்தைத் தேர்ந்து, அதன் பட்டை, இலை, பூச்சி, வந்தமரும் பறவை ஆகியவற்றைக் குழந்தைகள் குறிப்பேட்டில் எழுதட்டும். ஈர மண்ணில் காலடித் தடங்களைத் தேடட்டும். மரத்தின் பெயர் தெரியாவிட்டால் மலைவாழ் பெரியவர் ஒருவரை வணங்கிக் கேட்கட்டும். எதையும் ஒடிக்க வேண்டாம்; வனத்துறை தடுத்த இடங்களுக்குள் நுழையவும் வேண்டாம்.

மேகம், பெரியார் அருவிகளுக்குச் செல்வோர் ஓர் உண்மையை நினைவில் வைக்க வேண்டும். நாம் நிற்குமிடத்தில் வெயில் அடித்தாலும், மேற்சரிவில் மழை பெய்தால் திடீரென்று வெள்ளம் வரும். நீர் கலங்கினாலோ, சருகும் குச்சியும் மிதந்து வந்தாலோ உடனே கரையேறிவிட வேண்டும். இங்கே அஞ்சத்தக்கவை வழுக்குப் பாறையும் வெள்ளமும்தான், புலி அன்று.

அன்று கரியாலூரில் இறங்கியதும், சாலையோரம் நின்ற மூதாட்டி ஒருவர் அச்சிறுவன் கையில் ஏதோ கொடுத்தார். "என்னது பாட்டி?" என்றான். "கடுக்கா, சாமி. அதோ நிக்குதே, அந்த மரத்துது." பையன் புத்தகத்தை அப்பாவிடம் கொடுத்துவிட்டு, அம்மரத்தடிக்குச் சென்று அண்ணாந்து பார்த்தான். அவனுக்குக் காடு வந்துவிட்டது. இதைச் செய்திருக்க வேண்டியது அவன் படித்த நூல். இனி எழுதப்படும் நூல்களேனும் அதைச் செய்யட்டும்.