ரசிகையின் கண்ணால் வரைந்தவர்

பிரிட்டிஷ் பாப் கலையின் வரலாற்றை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே தடத்தில்தான் வருகிறார்கள். 1952இல் இண்டிபெண்டன்ட் குழுவின் கூட்டத்தில் எட்வர்டோ பவுலோட்ஸி திரையிட்டுக் காட்டிய அமெரிக்கப் பத்திரிகைப் படங்கள், 1956இல் வைட்சேப்பல் கண்காட்சிக்காக ரிச்சர்ட் ஹாமில்டன் செய்த ஒட்டுப்படம், பிறகு ராயல் கலைக் கல்லூரியின் இளைஞர்கள். இந்த வரிசையில் பாலீன் போட்டியின் பெயர் கால் நூற்றாண்டுக்கு மேல் அநேகமாக இடம்பெறவே இல்லை.

அவர் ஒதுங்கி வாழ்ந்தவர் அல்லர். 1962இல் பி.பி.சி.க்காக கென் ரஸ்ஸல் எடுத்த பாப் கலை ஆவணப்படத்தில் பீட்டர் பிளேக், டெரெக் போஷியர், பீட்டர் பிலிப்ஸ் ஆகியோரோடு நான்காமவராக வந்தவர். அடுத்த ஆண்டே லண்டன் கிரபோவ்ஸ்கி கூடத்தில் தனிக் கண்காட்சி வைத்தார். நாடகத்திலும் தொலைக்காட்சியிலும் நடித்தார். நடிகை, அழகி என்றே பத்திரிகைகள் அவரைக் கொண்டாடின. ஓவியர் என்பது பின்னுக்குப் போயிற்று.

ஓவியங்களுக்கு வருவோம். ஹாமில்டனும் 1965இல் மர்லின் மன்றோவை எடுத்துக்கொண்டார். தனக்குப் பிடிக்காத புகைப்படங்களின்மீது மன்றோவே போட்ட கோடுகளை அவர் ஓர் ஆய்வாளரைப்போல ஆராய்ந்தார். அந்த விலகல் பாலீனிடம் கிடையாது. 1963இல் வரைந்த ‘உலகின் ஒரே பொன்னிறக் கூந்தல்காரி’யில், பச்சைப் பரப்புகளுக்கு நடுவே திறந்த ஒரு கீற்றில் மன்றோ நடந்து போகிறாள். அடுத்த கணம் அந்தக் கீற்று மூடிக்கொள்ளும் என்று தோன்றுகிறது. நடிகர் பெல்மாண்டோவை வரைந்தபோது அவர் தலைமேல் பெரிய சிவப்பு ரோஜாவை வைத்தார். ஆணை ஆசையோடு பார்க்கும் பெண்ணின் கண் அது. அன்றைய பாப் கலையில் நான் வேறெங்கும் அதை இவ்வளவு வெளிப்படையாகக் கண்டதில்லை.

ஆசையைச் சொன்ன அதே கை கோபத்தையும் சொன்னது. ‘இது ஆண்களின் உலகம்’ என்ற இரு ஓவியங்களில் முதலாவதில் எல்விஸ், ஐன்ஸ்டீன், கென்னடி படுகொலை. இரண்டாவதில் ஆண்கள் பார்ப்பதற்கென்றே படம்பிடிக்கப்பட்ட நிர்வாணப் பெண்கள்; நடுவில் நிற்பவளுக்குத் தலையே இல்லை, சட்டகம் வெட்டிவிட்டது. பாப் கலை விளம்பர உலகை உணர்ச்சியின்றிப் பார்த்தது என்று பாடநூல்கள் சொல்கின்றன. பாலீனைச் சேர்த்துக்கொண்டால் அந்த விளக்கம் நிற்காது.

கருவுற்றிருந்தபோது புற்றுநோய் தெரியவந்தது. குழந்தைக்கு ஊறு வரலாம் என்று சிகிச்சையை மறுத்தார். 1966 ஜூலையில், 28 வயதில் இறந்தார். கென்ட்டில் சகோதரரின் பண்ணைக் கட்டடத்தில் கிடந்த ஓவியங்களைக் கலை வரலாற்றாளர் டேவிட் மெல்லர் தேடி எடுத்து, 1993இல் பார்பிகன் கண்காட்சியில் வைத்தார். 2013இல் சூ டேட்டின் நூலும் வுல்வர்ஹாம்ப்டன் கண்காட்சியும் வந்தன.

ஆனாலும் அழகையும் மரணத்தையும் சுற்றியே பல எழுத்துகள் நின்றுவிடுகின்றன. ஓவியப் பிரிவில் பெண்களுக்கு இடம் அரிது என்று சொல்லப்பட்டதால் அவர் ராயல் கலைக் கல்லூரியில் பயின்றது வண்ணக் கண்ணாடி வேலை. ஈயக்கோட்டுக்குள் நிறத்தை நிறுத்தும் அந்தப் பயிற்சி அவருடைய தட்டையான, ஒளிவிடும் பரப்புகளில் எப்படித் தொடர்ந்தது என்பதை விரிவாக எழுத வேண்டும். அன்றைய அரசியல் ஊழலில் பெயர் அடிபட்ட கிறிஸ்டீன் கீலரை வரைந்த ‘ஸ்கேண்டல் 63’ இன்னும் அகப்படவில்லை. அதோடு பாலீன் நிற்கும் புகைப்படங்களை வைத்துத்தான் இப்போதைக்கு அதைப் பற்றிப் பேச முடிகிறது.