நொச்சி சூடிய மாணாக்கர்

தமிழர் வகுத்த போரிலக்கணத்தில் மதிலை வளைத்துப் போர் புரிவோன் உழிஞை சூடுவான்; மதிலின் உள்நின்று அதனைக் காப்போன் நொச்சி சூடுவான். தொல்காப்பியர் இவ்விரு நிலைகளையும் உழிஞை என்னும் ஒரு திணையுள்ளே அடக்கினார். பின்வந்த புறப்பொருள் வெண்பாமாலை நொச்சியைத் தனித்திணையாகப் பிரித்துரைத்தது. பிரித்துரைத்தமைக்குக் காரணம் பல இருக்கலாம். எனினும் ஒன்றாக அடக்கியதிலும் ஓர் உண்மை புலப்படுகின்றது. மதில் ஒன்றே, உள்ளே நிற்பதும் வெளியே நிற்பதுமே வேற்றுமை.

அம்மதில் அரசனது கோட்டை மதிலாக அன்றி ஒரு கல்விக்கூடத்தின் மதிலாக இருப்பின், நொச்சி சூடி நிற்போரும் பயின்ற மறவராக அன்றிப் பயிலும் மாணாக்கராக இருப்பின், அந்நிலையை எங்ஙனம் மதிப்பது? இவ்வினாவை எழுப்பும் படைப்பொன்று நூலுலகில் அன்றிக் கணினி விளையாட்டுலகில் தோன்றியுள்ளது. ‘ஃபயர் எம்பிளம்: த்ரீ ஹவுசஸ்’ என்பது அதன் பெயர். ‘மூன்று இல்லங்கள்’ என்பது பெயரின் பிற்பகுதிக்குப் பொருள். யப்பானிய நிறுவனங்களாகிய இன்டெலிஜென்ட் சிஸ்டம்ஸ், கொயேய் டெக்மோ ஆகியன ஆக்கிய இவ்விளையாட்டை நின்டெண்டோ நிறுவனம் 2019ஆம் ஆண்டு யூலை 26ஆம் நாள் தன் ‘சுவிட்ச்’ கருவிக்கென வெளியிட்டது. 1990இல் தொடங்கிய ஒரு விளையாட்டு வரிசையில் இஃது ஒன்று.

வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் முற்றமில்லாத மாடி வீடுகளில் வளரும் சிறார் இத்தகைய விளையாட்டுகளில் பொழுது போக்குவதைப் பெற்றோர் கவலையோடு நோக்குகின்றனர். அக்கவலை பொருளற்றதன்று. ஆயினும் மாணாக்கர் பல மணிநேரம் தோய்ந்து கிடக்கும் ஒன்று அவர்க்கு எதனைக் கற்பிக்கின்றது என ஆராயாது விலக்குதல் கற்றோர்க்கு அழகன்று. அதிலும் ஆசிரியர் ஒருவரையே தலைமை மாந்தராகக் கொண்ட படைப்பு ஆசிரியரால் ஆராயப்படுதல் முறையேயாம்.

கதை நிகழுமிடம் ஃபோட்லன் என்னும் கற்பனைக் கண்டம். அக்கண்டத்தில் ஒரு பேரரசும், ஓர் அரசும், குறுநிலத் தலைவர் கூடி ஆளும் ஒரு கூட்டணியும் உள. அவற்றின் நடுவே காரெக் மாக் என்னும் துறவிமடமும், அதனுள் போர்க்கலை பயிற்றும் கல்விக்கூடமும் அமைந்துள்ளன. மூன்று நாட்டிளையோரும் மூன்று இல்லத்தினராய் அங்கே ஒருங்கு பயில்கின்றனர். இல்லமொன்றுக்கு எண்மராக இருபத்துநால்வர். பேரரசின் இளவரசி எடெல்கார்ட், அரசின் இளவரசன் டிமிட்ரி, கூட்டணித் தலைவரின் பெயரன் குளோட் ஆகியோர் இல்லத் தலைவர்கள். கூலிப்படையிற் பணிபுரிந்து, கற்பித்தலில் யாதொரு முன்னனுபவமும் இல்லாத பைலெத் என்பார் திடீரென ஆசிரியப் பணியில் அமர்த்தப்பெறுகின்றார். அந்த ஆசிரியரே விளையாடுவோர்.

போரெல்லாம் சதுரங்கத்தைப் போலக் கட்டமிட்ட தளத்தில் முறைமாற்றி நிகழ்கின்றன. ஆயின் சதுரங்கத்திற்கும் இதற்கும் அடிப்படை வேற்றுமை ஒன்றுண்டு. சதுரங்கப் பலகையில் காலாள் எட்டும் பெயரற்றவை. எந்தக் காலாள் வெட்டுண்டாலும் ஆடுவோர்க்கு வேறுபாடில்லை. இங்கோ ஒவ்வொரு காய்க்கும் பெயருண்டு; பிறந்தநாள் உண்டு; தந்தையோடு பிணக்குண்டு; பிடித்த உணவுண்டு. திங்கள்தோறும் நாட்காட்டி புரள்கின்றது. ஆசிரியர் கிழமைதோறும் பாடம் நடத்துகின்றார். ஓய்வுநாளில் மாணாக்கரோடு உணவருந்துகின்றார். அவர் தொலைத்த பொருளைத் தேடிக் கொடுக்கின்றார். தகுதித் தேர்வுக்கு அனுப்புகின்றார். பழைய முறையை மேற்கொண்டு ஆடுவோர்க்குக் களத்தில் வீழ்ந்த மாணாக்கர் மீண்டும் வருவதில்லை. அடுத்த கிழமை வகுப்பறையில் அவரது இடம் வெறிதாய்க் கிடக்கும்.

வகுப்பறையும் போர்க்களமும் மாறிமாறி வரும் இவ்வமைப்பிலேதான் படைப்பின் ஆற்றல் முழுவதும் தங்கியுள்ளது. வகுப்பில் பெற்ற அன்பு களத்தில் அச்சமாக மாறுகின்றது. இழப்பைக் குறித்து நீண்ட வசனம் எழுதாமலே அதன் கனத்தை உணர்த்த விளையாட்டு என்னும் வடிவத்திற்கு இயலும் என்பதற்கு இது தக்க சான்று.

இவ்வாற்றலின் உச்சத்தைக் குரோண்டர் என்னும் சமவெளியிற் காணலாம். கதையின் முற்பகுதியில் மூன்று இல்லங்களும் அங்கே போலிப் போர் ஒன்றில் மோதுகின்றன. நம் நாட்டுப் பாடசாலைகளில் ஆண்டுதோறும் நடைபெறும் இல்ல விளையாட்டுப் போட்டியை அறிந்தோர்க்கு அந்நாளின் ஆரவாரத்தை விளக்க வேண்டுவதில்லை. மாலையானதும் வென்றோரும் தோற்றோரும் ஒரு பந்தியில் அமர்கின்றனர். ஐந்தாண்டு கழிந்தபின், இரு கதைவழிகளில், அதே சமவெளியில் அதே மூவர் மும்முனைப் படைகளோடு மீண்டும் சந்திக்கின்றனர். இம்முறை போர் மெய்ப்போர். ஆசிரியர் தம்பால் ஈர்த்துக்கொள்ளாத பிற இல்லத்து மாணாக்கர் எதிரணியில் நிற்கின்றனர். பெர்னடெட்டா என்பாள் தன் அறையைவிட்டு வெளிவரவே அஞ்சிய பெண். அவள் எதிரணியில் இருப்பின், நடுக்குன்றின்மேல் எறிபொறியோடு நிறுத்தப்படுகின்றாள். குன்று பிறர் கைப்பட்டதும் அதற்குத் தீயிடுமாறு ஆணை பிறக்கின்றது. ஆணையிடுபவள் அவளுடைய இல்லத் தலைவியே. விளையாட்டுத் திடலும் கொலைக்களமும் ஒரே நிலமாக இருத்தல் இப்படைப்பின் மிகச் சிறந்த கருத்தாம்.

தமிழ் வாசகர்க்கு இவ்விடத்தில் துரோணர் நினைவுக்கு வருதல் இயல்பு. அவர் அத்தினாபுரத்தில் பாண்டவர்க்கும் கௌரவர்க்கும் ஒருங்கே வில் பயிற்றினார். அவர்தம் பயிற்சியை அரங்கில் ஏற்றி ஊர் காண மகிழ்ந்தார். பின்னர்க் குருக்கேத்திரத்தில் பதினோராம் நாள்முதல் பதினைந்தாம் நாள்வரை ஒருசார் மாணாக்கர்க்குத் தலைமை தாங்கி மறுசார் மாணாக்கரை எதிர்த்தார். பதின்மூன்றாம் நாளில் அவர் வகுத்த வியூகத்துள் மடிந்த அபிமன்யு, அவர்தம் தலைமாணாக்கனின் மைந்தன். அவர் தலையைக் கொய்த திட்டத்துய்மனும் அவரிடம் பயின்றவனே. கற்பித்தவரே களத்தில் நிற்கும் அவலத்தை நம் முன்னோர் இரண்டாயிரம் ஆண்டுக்கு முன்னரே அறிந்திருந்தனர்.

எனினும் துரோணருக்கும் பைலெத்துக்கும் இடையே ஒரு பெரும் வேற்றுமை உளது. துரோணர் பேசுகின்றார், தாம் உண்ட சோற்றுக்குக் கடன்பட்டமை உணர்கின்றார், மகன் இறந்தான் எனக் கேட்டு வில்லைக் கைவிடுகின்றார். அவரை நாம் குறைகூறலாம், இரங்கலாம். அவர் ஒரு மனிதர். பைலெத்தோ பெரும்பாலும் வாய் திறவாதவராகவே படைக்கப்பட்டுள்ளார். ஆடுவோர் தம்மை அவராக எண்ணிக்கொள்ளுதற்கு இவ்வுத்தி உதவும் என்பது உண்மையே. ஆனால் ‘இச்சிறாரைக் களத்துக்கு அனுப்ப யான் யார்?’ என்னும் வினாவை எழுப்பவேண்டிய ஒருவர் வாயடைக்கப்பட்டமையால் அவ்வினா கதையில் எழாமலே போகின்றது. இஃது இப்படைப்பின் முதற்குறை.

அவ்வினா எழவேண்டிய இடங்கள் பல உள. மாணாக்கருள் லிசிதியா என்பாள் பதினைந்தே வயதினள். கல்விக்கூடத்தின் மூன்றாம் திங்கட் பணியாக, மடத்தை எதிர்த்துக் கிளர்ந்த லொனாட்டோ என்னும் தலைவனை அடக்க மாணாக்கர் அனுப்பப்படுகின்றனர். எதிரே நிற்போருள் போர்ப்பயிற்சி பெறாத எளிய குடிமக்களும் உளர். லொனாட்டோவோ ஆஷ் என்னும் மாணாக்கனின் வளர்ப்புத் தந்தை. இத்தகைய பணியைச் சிறார்மேற் சுமத்தும் நிறுவனத்தைப் பள்ளி என்பதா, பாசறை என்பதா? படைப்பு இதனைக் காட்டுகின்றது, சிறிது வருந்துகின்றது, அடுத்த திங்களுக்கு நாட்காட்டியைப் புரட்டிவிடுகின்றது.

முற்பகுதியின் முடிவில் பேரரசின் படை கல்விக்கூடத்தை வளைக்கின்றது. நான்கு கதைவழிகளுள் மூன்றில் ஆசிரியரும் மாணாக்கரும் நொச்சியாராய் மதிலுள் நின்று காக்கின்றனர். நான்காம் வழியில், எடெல்கார்டின் பக்கம் நின்ற ஆசிரியரும் மாணாக்கரும் உழிஞையாராய் வெளியே நின்று, தாம் பயின்ற அதே கூடத்தைத் தாக்குகின்றனர். எந்தப் படிக்கட்டில் அமர்ந்து உரையாடினரோ அந்தப் படிக்கட்டை நோக்கியே படை நடத்துகின்றனர். பிறப்பால் உயர்வு தாழ்வு கற்பிக்கும் ஒழுங்கை அம்மடம் தாங்கி நிற்கின்றது என்பது எடெல்கார்டின் வழக்கு. அவ்வழக்கைப் படைப்பு புறந்தள்ளவில்லை, முழுவதும் ஏற்கவுமில்லை. ஒருவழி மட்டும் ஆடியோர் தம் பக்கமே அறம் என எண்ணுவர். இருவழி ஆடியோர் அங்ஙனம் எளிதில் எண்ணமாட்டார். மதில் ஒன்றே என்னும் தொல்காப்பியரின் வகைப்பாட்டை இவ்வமைப்பு தன்னை அறியாமலே மெய்ப்பிக்கின்றது.

இரண்டாங்குறை, காலத்தைப் பின்னோக்கித் திருப்பும் ஆற்றலை ஆசிரியர்க்கு வழங்கியமை. தவறான நகர்வால் மாணாக்கர் ஒருவர் மடியின், ஒரு போரில் சில முறை அந்நகர்வைத் திரும்பப் பெறலாம். ஆடுவோரின் சலிப்பைத் தவிர்க்க இது வேண்டப்பட்டிருக்கலாம். ஆயினும் பெயரிட்டு வளர்த்த உயிர்க்கு ஈடில்லை எனக் கற்பித்த படைப்பே, அவ்வுயிரை மீட்டெடுக்கும் குறுக்குவழியையும் காட்டுதல் தன் கொள்கைக்குத் தானே முரணாதலாம். மூன்றாங்குறை, கூடம் வீழ்ந்தபின் கதை ஐந்தாண்டைத் தாவிவிடுதல். ஆசிரியர் அவ்வைந்தாண்டும் உறங்குகின்றார். விழிக்கும்போது சிறார் வளர்ந்த மறவராய் நிற்கின்றனர். பள்ளியிழந்த இளையோர் எங்ஙனம் வளர்ந்தனர், படிப்பிழந்தோர் எதனை இழந்தனர் என்னும் செய்தி சிதறிய உரையாடல்களில் மட்டும் வந்துபோகின்றது. கதையின் நெஞ்சமாய் அமைந்திருக்க வேண்டிய பகுதி கதைக்குப் புறத்தே நின்றுவிட்டது.

கொழும்பில் இருந்து இப்படைப்பை நோக்குவோர்க்கு அவ்வைந்தாண்டு இடைவெளி வெறும் கதையுத்தியாகத் தோன்றாது. 1983ஆம் ஆண்டு யூலைக் கலவரத்தின்போது பம்பலப்பிட்டி இந்துக் கல்லூரி, வீடிழந்து ஓடிவந்த மக்களின் புகலிடமாயிற்று. பாடம் நடந்த இடத்தில் குடும்பங்கள் தங்கின. அன்று அக்கல்லூரி மதில் காத்தது தன்னையன்று, தன்னை நாடி வந்தோரை. எல்லா மதில்களும் அங்ஙனம் காக்க இயலவில்லை. 1995ஆம் ஆண்டு செப்ரெம்பர் 22ஆம் நாள் வடமராட்சி கிழக்கின் நாகர்கோவிலில் விமானக் குண்டுவீச்சுக்குப் பாடசாலைச் சிறார் பலியாயினர். 2009இல் முடிந்த அப்போரில் பள்ளிப் பருவத்தினர் படையிற் சேர்க்கப்பட்டமையை யுனிசெப் நிறுவனம் தொடர்ந்து பதிவு செய்தது. பதினெட்டு அகவைக்குக் குறைந்தோரைப் போரில் நேரடியாக ஈடுபடுத்தலாகாது என்னும் உடன்பாட்டை ஐக்கிய நாடுகள் சபை 2000ஆம் ஆண்டில் ஏற்றது. 2002இல் அது நடைமுறைக்கு வந்தது. அவ்வுடன்பாடு தோன்றும் முன்னரும், தோன்றிய பின்னரும், இந்நாட்டில் வெறுமையான வாங்குகள் பல இருந்தன.

ஆகவே ‘மாணாக்கர் தம் பள்ளியைக் காத்தனர்’ என்னும் தொடர் பிற நாட்டார் செவியில் வீரமாக ஒலித்தாலும், இந்நாட்டார் செவியில் முதற்கண் துயரமாகவே ஒலிக்கும். பள்ளி மாணாக்கரைக் காத்தற்கென எழுந்தது. மாணாக்கர் பள்ளியைக் காத்தற்கென எழுந்தாரல்லர். முறை பிறழ்ந்த அந்நாளிலேயே, மதில் நின்றாலும் வீழ்ந்தாலும், பள்ளி வீழ்ந்துவிட்டது. காரெக் மாக்கின் கதை இவ்வுண்மையை வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆனால் பெயர் தெரிந்த ஒவ்வொரு காயையும் முன்னே நகர்த்தும்போது ஆடுவோர் விரல் தயங்குகின்றதே, அத்தயக்கத்தில் அதனை உணர்த்திவிடுகின்றது. கூறாமல் உணர்த்திய இச்சிறப்பினால், மேற்கூறிய குறைகள் இருப்பினும், இஃது ஆராயத்தக்க படைப்பேயாம்.

எத்துணை மாட்சியுடையதாயினும் தக்கார் உள்ளில்லாத அரண் அரணாகாது என்பது வள்ளுவர் கொள்கை. மூன்று வழிகளில் கூடம் வீழ்ந்து ஐந்தாண்டு கடந்தபின், முன்பு கூறிய உறுதிமொழியை நினைந்து, பழைய மாணாக்கர் ஒருவர்பின் ஒருவராய் அப்பாழிடத்துக்குத் திரும்புகின்றனர். கூரையில்லை, பாடமில்லை, அதிபரில்லை. ஆசிரியர் மட்டும் நிற்கின்றார். அவரைக் கண்டபின்னரே அவ்விடம் அவர்க்கு மீண்டும் பள்ளியாகின்றது. இவ்விளையாட்டை ஆடும் மாணாக்கர் வென்ற போர்களை விரைவில் மறக்கக்கூடும், அக்காட்சியை மறவார். ஆசிரியர் மறக்கலாகாததோ, காய்களுக்கெல்லாம் பெயருண்டு என்பதே.