ஸ்ரீ அன்னை என்ற சித்திரக் கலைஞர்

சிதம்பரம் சிவகாமசுந்தரி அம்மன் சந்நிதியின் முன்மண்டபத்து விதானத்தை அண்ணாந்து நோக்குபவர்கள், பிட்சாடனராய் வந்த பெருமானையும் மாணிக்கவாசகரின் சரிதத்தையும் நாயக்கர் காலத்து வர்ணங்களில் வரிசை வரிசையாகக் காண்பார்கள். அவற்றைத் தீட்டியவன் எவன் என்று கேட்டால் மட்டும் பதில் சொல்ல ஆளில்லை. நம் நாட்டில் கொடுத்தவர் பெயர் கல்லில் ஏறும். தீட்டியவர் பெயர் காற்றோடு போகும். அப்படிக் கல்லில் ஏறிய பெயர்களுள் பெண்டிர் பெயர்களும் உண்டு. கண்டராதித்த சோழரின் தேவியாரான செம்பியன் மாதேவியார், கணவரை இழந்தபின் நெடுங்காலம் வாழ்ந்து, நம் விருத்தாசலத்துக் கோயில் உட்படப் பல ஆலயங்களைக் கற்றளிகளாக எடுப்பித்து, செப்புத் திருமேனிக் கலைக்கே ஒரு புதிய நடையைத் தோற்றுவிக்கக் காரணமாயிருந்தார். ஆகவே கலைகளைப் போஷிக்கும் பெண் நமக்கு ஆயிரம் ஆண்டுப் பரிச்சயம் உள்ளவள். தூரிகை பிடித்த பெண்ணே அரியவள். தெருவாசலில் நாள்தோறும் இழை பிசகாமல் கோலமிடும் கையைச் சித்திரக் கை என்று எந்தச் சிற்ப சாஸ்திரியும் ஒப்புக்கொண்டதில்லை என்பது வேறு கதை.

தூரிகை பிடித்தவர்களைத் தேடினால், கிளிமானூர் அரண்மனையில் ரவிவர்மாவின் சகோதரி மங்களாபாய் தம்புராட்டியும், கல்கத்தாவில் தாகூர் குடும்பத்துச் சுநயனி தேவியும், பாரிஸில் பயின்று வந்து 1937-இல் தென்னாட்டைச் சுற்றிப் பார்த்து "பிரம்மசாரிகள்" முதலிய படங்களை எழுதிய அம்ரிதா ஷேர்கில்லும் கண்ணுக்குத் தெரிகிறார்கள். சென்னைக் கலைப் பள்ளி 1850-இலேயே டாக்டர் அலெக்ஸாண்டர் ஹண்டரால் தொடங்கப்பட்டதாயினும், அங்கே பயின்ற பெண்களுள் நின்று நிலைத்த பெயர் என்று நாம் சொல்லத் துணியும் டி.கே. பத்மினி 1940-இல் பிறந்தவர். 1969-இல், முப்பது வயது நிரம்புமுன்னரே, மறைந்துவிட்டார். அடையாற்றில் 1936-இல் கலாக்ஷேத்திரத்தை நிறுவிய ருக்மிணி தேவி போஷகியருள் தலைசிறந்தவர். ஆனால் அவருடைய கலை நாட்டியம்.

ஓவியரும் போஷகியும் ஒரே உடலில் வாழ்ந்த உதாரணம் வேண்டுமானால், கடலூரைக் கடந்து சிறிது தூரம் வடக்கே போக வேண்டும். கீரப்பாளையம், புவனகிரி வட்டாரத்து ஜனங்கள் ஜிப்மர் ஆஸ்பத்திரிக்கென்றோ வியாபாரத்துக்கென்றோ புதுச்சேரிக்குப் போகும்போது, கடைச் சுவர்களில் மாலையோடு தொங்கும் ஸ்ரீ அன்னையின் படத்தைப் பார்க்கிறார்கள், கைகூப்புபவர்களும் உண்டு. படத்தில் இருப்பவர் தாமே படம் எழுதிப் பாரிஸ் நகரத்துக் கண்காட்சிகளில் வைத்தவர் என்பதை அவர்களுள் எத்தனை பேர் அறிவார்கள்?

பின்னாளில் ஸ்ரீ அன்னை என்று அழைக்கப்பட்ட மிர்ரா அல்ஃபாஸா 1878 பிப்ரவரி 21-இல் பாரிஸில் பிறந்தார். தந்தை துருக்கியிலிருந்து வந்த வங்கியாளர். தாயார் எகிப்தைச் சேர்ந்தவர். பதினைந்து பதினாறு வயதில் அகாதமி ஜூலியான் என்ற கலைக்கூடத்தில் சேர்ந்தார். சர்க்கார் நடத்திய பெரிய கலைப் பள்ளியான எக்கோல் தே போஸார் 1897 வரையில் பெண்களுக்குக் கதவைத் திறக்கவில்லையாதலால், ஓவியம் கற்க விரும்பிய பெண்கள் இத்தகைய தனியார் கூடங்களில் ஆண்களைவிட ஏறக்குறைய இரட்டிப்புக் கட்டணம் செலுத்திப் பயில வேண்டியிருந்தது. கலைகளின் தலைநகரம் என்று உலகம் புகழ்ந்த ஊரின் லட்சணம் அது. 1897 அக்டோபரில் குஸ்தாவ் மொரோவின் சீடரான ஆன்ரி மொரிஸே என்ற ஓவியரை விவாகம் செய்துகொண்டார். மறு ஆண்டு ஒரு மகன் பிறந்தான். 1903, 1904, 1905 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் அவருடைய படங்கள் தேசிய நுண்கலைச் சங்கத்தின் சலோன் கண்காட்சியில் இடம் பெற்றன. ரோதேன், மத்தீஸ் போன்றவர்கள் நடமாடிய உலகம் அது.

அக்காலத்து அவருடைய தைலவர்ணப் படங்கள் புரட்சி எதையும் பறைசாற்றுவன அல்ல. வீட்டின் உட்புறங்கள், மேஜைமேல் வைத்த பொருள்கள், மங்கிய வெளிச்சம் விழும் மூலைகள்: ஒரு பெண் ஓவியர், ஆண் துணையின்றித் தெருவில் சட்டம் விரித்து அமர முடியாத நாட்களில், தமக்கு எட்டிய உலகத்தை எழுதினார். அந்த வரம்புக்குள் அவர் காட்டிய நிதானத்தையும் வர்ண அடக்கத்தையும் நாம் மெச்ச வேண்டும். மேதை என்று கொண்டாட வேண்டியதில்லை. 1908-இல் மொரிஸேயோடு இருந்த பந்தம் முறிந்தது. பின்னர் பால் ரிஷாரை மணந்து, 1914 மார்ச் 29-இல், பாரதியாரும் தங்கியிருந்த அந்தப் புதுச்சேரியில் வந்து இறங்கி, யோகி ஸ்ரீ அரவிந்தரைச் சந்தித்தார். யுத்தத்தின் காரணமாகப் பிரான்சுக்குத் திரும்பியவர், நான்காண்டு ஜப்பானில் கழித்து, 1920 ஏப்ரல் 24-இல் மீண்டும் வந்தபின் புதுச்சேரியே அவருடைய ஊராயிற்று. ஜப்பானில் அவர் எழுதியவற்றில் கோடு சிக்கனமாகிறது. பின்னாளில் சாதகர்களின் முகங்களைப் பென்சிலால் வரைந்தபோது அந்தச் சிக்கனமே கைகொடுத்தது. கண், நெற்றி, மௌனமான உதடு. மற்றவையெல்லாம் வெறும் காகிதம். அவருடைய படைப்புகளுள் எனக்கு மிக உயர்வாகத் தோன்றுபவை பாரிஸ் தைலப் படங்கள் அல்ல, இந்தப் பென்சில் முகங்களே.

1926-இல் ஸ்ரீ அரவிந்த ஆசிரமம் அமைந்து அதன் பொறுப்பு முழுவதும் அவர்மேல் விழுந்த பிறகு, ஓவியர் பின்வாங்கி போஷகி முன்வந்தார். கிருஷ்ணலால், ஜயந்திலால் முதலிய இளைஞர்களின் படங்களை அவர் பார்த்துத் திருத்தம் சொன்னார்; பூவேலை, தையற்சித்திரம், பிற்காலத்தில் கைக்காகிதம் ஆகிய தொழில்களுக்கு ஆசிரமத்தில் இடம் உண்டாயிற்று. அவருடைய போஷணையின் சிகரம் கோல்கொண்டே விடுதி. கட்டடக் கலைஞர் அன்டோனின் ரேமண்ட் வரைந்த திட்டத்துக்கு ஜார்ஜ் நாகஷிமா முதலியோர் களத்தில் நின்று உருக்கொடுக்க, ஹைதராபாத் திவான் ஸர் அக்பர் ஹைதரியின் முயற்சியால் கிடைத்த லட்சம் ரூபாய் நன்கொடையைக் கொண்டு 1937-இல் தொடங்கிய அந்தக் கட்டடத்தில் கண்ணாடி ஜன்னல் கிடையாது; சுவர் முழுவதும் படுக்கைவாட்டில் திருப்பக்கூடிய பலகைகள், கடற்காற்றுக்கு வழி விட்டு வெயிலைத் தடுக்கின்றன. கைப்பிடிகளும் கீல்களும் அன்பர்கள் கொடுத்த பழைய பித்தளைப் பாத்திரங்களை உருக்கி அங்கேயே வார்க்கப்பட்டவை. செங்கல்லும் தேக்கும் நிறைந்த ஊரில் கான்கிரீட்டை இத்தனை அழகாகப் பழக்கிய முயற்சி இந்தியாவிலேயே அந்நாளில் அபூர்வம்; ஓர் ஓவியரின் கண் மேற்பார்த்திராவிட்டால் அதில் இவ்வளவு தூய்மை வந்திருக்குமா என்பது சந்தேகமே.

ஆயினும் இந்தப் போஷணையில் ஒரு குறையைச் சொல்லாமல் விட முடியாது. அவரிடம் பயின்ற ஓவியர்கள் பெரும்பாலும் வங்கத்திலிருந்தும் குஜராத்திலிருந்தும் வந்தவர்கள். சுற்றிலுமுள்ள தமிழ்க் கிராமங்களின் கைத்திறன் அந்தக் கலைக்கூடத்தினுள் அதிகம் நுழையவில்லை. மற்றொரு சிக்கல், 1960-களில் ஹூதா என்ற சிஷ்யையைக் கொண்டு ஸ்ரீ அரவிந்தரின் "சாவித்திரி" காவியத்துக்கு எழுதுவித்த 472 படங்களைப் பற்றியது. அன்னை கோட்டுருவம் போட்டுக் காட்டுவார், ஹூதா வர்ணம் தீட்டுவார் என்றால், அவை யாருடைய படங்கள்? பக்தர்கள் இக்கேள்வியை எழுப்புவதில்லை. என்னைப் பொறுத்தவரை, அவற்றில் அருள் அனுபவம் இருக்கலாம். 1903-இன் சிறிய அறைப் படங்களில் உள்ள சித்திரக் கட்டுக்கோப்பு இல்லை.

1968 பிப்ரவரி 28-இல் ஆரோவில் நகரத்தை ஸ்தாபித்த அன்னை, 1973 நவம்பர் 17-இல் காலமானார். 1992-இல் ஆசிரமம் அவருடைய ஓவியங்களையும் கோட்டுச் சித்திரங்களையும் தொகுத்து நூலாக வெளியிட்டிருக்கிறது. தென்னாட்டு நவீன ஓவியத்தின் வரலாற்றைத் தமிழில் எழுத முற்படும் அன்பர்கள், சென்னைப் பள்ளியோடும் 1966-இல் பிறந்த சோழமண்டல ஓவியர் கிராமத்தோடும் கணக்கை முடித்துவிடாமல், பக்தியைச் சற்றே வாசலில் நிறுத்திவிட்டு அந்நூலைப் புரட்டி, அன்னையின் படங்களைப் படங்களாகவே மதிப்பிட்டு, 1920-இன் புதுச்சேரிக்கும் ஓர் அத்தியாயம் ஒதுக்க வேண்டும்.