பணிநீக்க வழக்குகளில் கோர்ட் பார்ப்பதும் பார்க்காததும்

அரசு ஊழியரை டிஸ்மிஸ் செய்யவே முடியாது என்று டீக்கடையில் சொல்வார்கள். தாராளமாகச் செய்யலாம். என்ன குற்றம் என்று சொல்லி, பதில் சொல்ல நியாயமான வாய்ப்புக் கொடுத்து, விசாரித்த பிறகு செய்ய வேண்டும் என்பதுதான் அரசியலமைப்பின் 311ஆம் பிரிவு. தமிழகத்தில் 17(பி) மெமோ, அதாவது கடும் தண்டனைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை, வாங்கியவர்களுக்கு இந்தப் பாதை நன்றாகத் தெரியும். பொதுத்துறை நிறுவன ஊழியருக்கு 311 பொருந்தாது; நிறுவனத்தின் பணி விதிகளும் சமத்துவம் பற்றிய 14ஆம் பிரிவும்தான் அவருக்குத் துணை.

நீக்கப்பட்டவர் ரிட் மனுவோடு வந்தால், அவர் தப்பு செய்தாரா என்று கோர்ட் புதிதாக ஆராய்வதில்லை. விசாரணை முறையாக நடந்ததா, சாட்சியம் என்று ஏதாவது இருந்ததா, தண்டனை மிதமிஞ்சியதா என்று மட்டுமே பார்க்கும். இந்த வழக்கத்தின் பலமும் இதுதான், குறையும் இதுதான்.

பலத்தைக் கோலார் தங்கவயல் வழக்கு ஒன்று காட்டுகிறது. 1985 ஜூனில் பாரத் தங்கச் சுரங்க நிறுவனத்தின் பாதுகாப்பு அதிகாரி ஒருவர் வீட்டில் போலீஸ் சோதனை. 4.5 கிராம் தங்க உருண்டையும் தங்கம் கலந்த மணல் 1,276 கிராமும் சிக்கியதாக வழக்கு. மறுநாளே சஸ்பென்ஷன். சஸ்பென்ஷன் காலத்துக்குரிய பிழைப்பூதியம் கைக்கு வரவில்லை. உடல்நலமில்லாமல் கேரளத்தில் இருந்தவர், கோலாருக்கு வரப் பணமில்லை என்றார். அவர் இல்லாமலேயே விசாரணையை முடித்து 1986இல் வேலையைப் பறித்தார்கள். அதே சோதனையை நம்ப முடியாது என்று 1987இல் கிரிமினல் கோர்ட் அவரை விடுவித்தது. அப்போதும் நிறுவனம் அசையவில்லை. ஐகோர்ட்டில் தனி நீதிபதியிடம் ஜெயித்து, டிவிஷன் பெஞ்சில் தோற்று, 1999 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தில்தான் முழுச் சம்பள நிலுவையோடு வேலை கிடைத்தது. சாப்பாட்டுக்கே வழியில்லாமல் செய்துவிட்டு விசாரணைக்கு வா என்பது வாய்ப்புக் கொடுத்ததாகாது என்று அந்தத் தீர்ப்பு நிலைநாட்டியது. நல்ல தீர்ப்பு. ஆனால் வந்து சேர ஏறத்தாழ 14 ஆண்டுகள். 2001இல் சுரங்கத்தையே மூடிவிட்டார்கள்.

தாமதத்தைவிட ஆழமான கோளாறு ஒன்று உண்டு. விசாரணை அறிக்கையின் நகலைத் தராமல் தண்டித்தால் அது இயற்கை நீதிக்கு விரோதம் என்று 1993இல் ஈசிஐஎல் என்ற பொதுத்துறை நிறுவனத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொன்னது. கூடவே, நகல் தராததால் பாதிப்பு ஏற்பட்டதா என்று பார்க்க வேண்டும். ஏற்பட்டிருந்தால் ஊழியரைச் சஸ்பென்ஷனில் வைத்து, விட்ட இடத்திலிருந்து விசாரணையைத் தொடரலாம் என்றும் சொன்னது. நகலைத் தர மறந்ததற்காக லஞ்சப் பேர்வழி நேராக நாற்காலிக்குத் திரும்பக் கூடாது என்பது சரியான கவலை. ஆனால் நிரபராதியின் நிலை? வழக்கில் ஜெயித்தவர் மறுபடியும் அதே துறையின் முன்னால் நிற்கிறார். தண்டனைக்கு முன்பே பாதி தண்டனை முடிந்துவிடுகிறது.

முறையைப் பார்க்கும் ஆய்வுகூட முழுதாகக் கிடைக்காமல் போனதும் உண்டு. 2003 ஜூலையில் அரசு ஊழியர், ஆசிரியர் வேலைநிறுத்தத்தின்போது தமிழக அரசு 1.7 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை ஒரேயடியாக வீட்டுக்கு அனுப்பியது. ஐகோர்ட் டிவிஷன் பெஞ்ச் அவர்களை நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகச் சொன்னது. அங்கே இருந்ததோ ஒரே உறுப்பினர். அத்தனை பேருக்கு அவரால் எப்படி நீதி வழங்க முடியும் என்று உச்ச நீதிமன்றமே குறை கண்டது. கடைசியில் பெரும்பாலானோர் மீண்டதற்குக் காரணம் விசாரணையில்லாமல் நீக்கியது தவறு என்ற தீர்ப்பு அல்ல. நிபந்தனையற்ற மன்னிப்புக் கடிதமும் உறுதிமொழியும். உச்ச நீதிமன்றத்தின் அந்தத் தீர்ப்பில்தான் அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய உரிமையே இல்லை என்றும் சொல்லப்பட்டது. உரிமையாகக் கிடைக்க வேண்டியது சலுகையாக வந்தது என்றே நான் இதைப் படிக்கிறேன்.

முறையை மட்டும் பார்க்கும் ஆய்வைக் கைவிடச் சொல்ல மாட்டேன்; அதுகூட இல்லையென்றால் அதிகாரியின் கோபமே சட்டமாகிவிடும். ஆனால் விசாரணையைத் திருப்பி அனுப்பும்போது கோர்ட் கெடுவும் விதிக்க வேண்டும். கெடு தவறினால் குற்றச்சாட்டே ரத்தாக வேண்டும். அதுவரை, மெமோ வாங்கியவர்களுக்கு ஒரு வார்த்தை: பிழைப்பூதியம் வராவிட்டாலும், கேட்ட ஆவணம் தராவிட்டாலும், உடனே எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள்.