விடைபெறாத போர்

போர்க்களத்திலிருந்து கவிதை உடனே வந்தது. உரைநடை வரப் பத்தாண்டு சென்றது. 1918இல் முடிந்த முதலாம் உலக மகாயுத்தத்திற் பொருத ஆங்கிலக் கவிஞர் இருவரின் நினைவு நூல்கள் அடுத்தடுத்து வெளிவந்தன: எட்மண்ட் பிளண்டனின் ‘அண்டர்ரோன்ஸ் ஒவ் வோர்’ 1928இலும், றொபேட் கிறேவ்ஸின் ‘குட்பை ரு ஓல் தற்’ 1929இலும். இருவரும் சோம் போரிற் பங்குபற்றியோர். எனினும் பின்னவர் நூல் முன்னவருக்குப் பொய்யாகவே பட்டது.

கிறேவ்ஸ் 1916 யூலையில் எறிகணைத் துண்டு மார்பிற் பாய்ந்து வீழ்ந்தார். இறந்தாரென்றே பெற்றோருக்கு அறிவிக்கப்பட்டது. போர் முடிந்த பின்னரும் நள்ளிரவிற் படுக்கைமீது எறிகணைகள் வெடித்தன என்றும், பகலிற் கண்ட அந்நியர் மாண்ட நண்பரின் முகங்கொண்டு தோன்றினர் என்றும் எழுதுகின்றார். நூலின் தலைசிறந்த பகுதி இதுவே. ஏனைய பகுதிகளில் விரைவும் வேடிக்கையும் மிகுதி. விற்பனையை நாடி எழுதியதை அவரே மறைத்தாரல்லர்.

பிளண்டனும் நண்பர் சசூனும் அந்நூற்பிரதி ஒன்றின் ஓரங்களைச் சினக் குறிப்புக்களால் நிரப்பினர். நிகழ்ச்சிகள் பிறழக் கூறப்பட்டன என்பது அவர்கள் குறை. அகழிப்போரில் உழன்றவன் நினைவிற் பொய் கலவாதிருப்பின் அது மெய்யான நினைவன்று என 1930இல் கிறேவ்ஸ் வாதிட்டார். கூரிய வாதம். சிதறிய மனம் நாட்குறிப்புப்போல் ஒழுங்குபட நினையாது என்பது உண்மையே. ஆயினும் அது சிதைந்த நினைவுக்குப் பொருந்துமேயன்றி, விரைந்த எழுத்துக்குப் பொருந்தாது. நாளும் இடமுமே மாண்டோர்க்கு நடுகல்லாகியவிடத்து அவற்றைப் பிழையாது கூறுதல் தோழர் கடன்.

பிளண்டன் 1918இலேயே எழுதத் தொடங்கிக் கைவிட்டவர். தோக்கியோவில் ஆசிரியராயிருந்த காலத்தே மீண்டும் எழுதினார். அவர் நூலில் பழத்தோட்டமும் ஓடையும் தேவாலயமும் ஓயாது வரும். கொடுமையும் அதே தணிந்த குரலிலேயே வரும். அகழியில் முகமலர்ச்சியோடு தேநீர் காய்ச்சும் இளம் படைவீரன் ஒருவனைக் கடந்து ஆசிரியர் செல்கின்றார். எறிகணை வீழ்கின்றது. எஞ்சியதைக் கண்டு நிற்கையில், இறந்தோனின் உடன்பிறந்தோன் அகழியின் வளைவைத் தாண்டி வருகின்றான். அவலத்தை மிகுவிக்கும் அடைமொழி ஒன்றும் ஆங்கில்லை. படிப்பவர் நெஞ்சு அதனாலேயே நடுங்குகின்றது.

நூற்றலைப்பிலேயே விடை கூறிய கிறேவ்ஸ் 1929இல் இங்கிலாந்தை நீத்து மயோர்க்காத் தீவிற் குடியேறினார். பிளண்டன் எதற்கும் விடை கூறவில்லை. போர் வாழ்நாள் முழுதும் தம்மைத் தொடர்ந்ததென முதுமையிலும் எழுதினார். 1974இல் அவர் மறைந்தபோது, களத்தில் அவருக்குச் செய்தி சுமந்தோடிய முதியவர் ஒருவர் கல்லறையிற் பொப்பி மலர் வளையம் சாத்தினார்.