முகம் தேடும் வேலை

தமிழ்ப் படங்களில் கடற்கரைக் கதைகளின் நாயகியாக வந்தவர்களை எண்ணிப் பார்த்தேன். 'படகோட்டி'யில் (1964) பெங்களூரு சரோஜாதேவி. 'நீர்ப்பறவை'யில் (2012) நாக்பூரில் பிறந்த சுனைனா. 'மரியா'னில் (2013) கேரளத்துப் பார்வதி. 'கட'லில் (2013) நடிகை ராதாவின் மகள் துளசி. 'கய'லில் (2014) வாரங்கல் ஆனந்தி. நடிப்பில் நான் குறை சொல்லவில்லை. பார்வதியின் பனிமலரை இன்றும் விரும்பிப் பார்ப்பேன். என் கேள்வி வேறு. கடற்கரையில் பிறந்த ஒருத்தியாவது தேர்வு நடக்கும் அறைவரை போனாளா? அப்படி ஓர் அறை இருந்ததா?

பெரும்பாலும் இல்லை. காஸ்டிங் டைரக்டர் என்ற பெயரே தமிழ் சினிமாவில் அண்மைக்காலத்தில்தான் புழங்குகிறது. அதுவரை அந்த வேலையைத் துணை இயக்குநர், மேனேஜர், ஏஜெண்ட் எனக் கையில் கிடைத்த ஆண்கள் பார்த்தார்கள்.

மற்ற இடங்களில் இதைத் தொழிலாக்கியவர்களில் பெண்கள் முக்கியமானவர்கள். நியூயார்க்கின் மரியன் டவுகர்ட்டி 1960களில் தொலைக்காட்சித் தொடர்களுக்கு மேடை நடிகர்களைத் தேடிப் பிடித்தார். முதல் வேடத்தில் சொதப்பிய ஜான் வாய்ட்டை மறக்காமல் வைத்திருந்து, பிறகு 'மிட்நைட் கவ்பா'ய்க்கு (1969) அவருக்காக வாதாடினார். அந்தப் படத்தின் பெயர்ப் பட்டியலில் டவுகர்ட்டியின் பெயர் இல்லை. தனி அட்டை கேட்டார், மறுத்தார்கள், அப்படியானால் என் பெயரே வேண்டாம் என்றுவிட்டார். இந்த வேலைக்கு 'டைரக்டர்' என்ற சொல்லைத் தரக் கூடாதென்று ஹாலிவுட் இயக்குநர்கள் சங்கம் நெடுங்காலம் பிடிவாதம் பிடித்தது. சமைத்தவள் பெயரைப் பந்தியில் யார் சொல்வார்கள்? கௌரவ ஆஸ்கர் பெற்ற முதல் காஸ்டிங் டைரக்டர் லின் ஸ்டால்மாஸ்டர், 2016இல், ஓர் ஆண். இந்தத் துறைக்கென்று தனி ஆஸ்கரே 2025இல் வெளியான படங்களிலிருந்துதான் தொடங்குகிறது.

இங்கே 'காந்தி'க்கு (1982) இந்திய நடிகர்களைத் தேர்ந்தவர் டாலி தாக்கூர். 'ஸ்லம்டாக் மில்லியனேரு'க்கு நடிகர் தேட வந்த லவ்லீன் டாண்டன், குழந்தைகள் இந்தியில் பேசட்டும் என்றார்; படம் முடியும்போது இணை இயக்குநராகியிருந்தார். இயக்கத்துக்கான ஆஸ்கர் டேனி பாயிலுக்கு மட்டும் போனது. சர்ச்சை எழுந்தபோது டாண்டனே அதிலிருந்து ஒதுங்கிக்கொண்டார். அந்த ஒதுங்கலை நான் பெருந்தன்மை என்று மட்டும் வாசிக்க மாட்டேன்.

பெயரில்லாத வேலைக்கு அலுவலகம் கிடையாது, ஒப்பந்தம் கிடையாது, புகார் சொல்ல ஆளும் கிடையாது. 'அட்ஜஸ்ட்மெண்ட்' என்ற சொல் வளர்வது அங்கேதான். 2024 ஆகஸ்டில் வெளியான ஹேமா குழு அறிக்கை மலையாளத் திரையுலகைப் பற்றியது. ஆனாலும் கூட்டக் காட்சிகளுக்குப் பெண்களை அழைத்துப்போகும் இடைத்தரகர்களைப் பற்றி அதில் படிக்கும்போது கோடம்பாக்கம் நினைவுக்கு வராமலிருக்காது.

மீஞ்சூர்ப் பக்கம் நான் பாடம் நடத்தும் வகுப்பில் பழவேற்காட்டுக் குப்பங்களிலிருந்து வரும் மாணவிகள் உண்டு. ஒருமுறை படப்பிடிப்புக்கு ஆள் பிடிக்க வந்த ஏஜெண்ட், "நல்லா கறுப்பா, மீன்காரி மாதிரி இருக்கறவங்க வாங்க" என்றாராம். "மேடம், எங்கம்மா மீன்காரிதான். மாதிரின்னா என்ன?" என்று கேட்டாள் ஒருத்தி. அம்மாவுக்கு ஒரு நாள் கூலி, முதுகு தெரிகிற ஒரு ஷாட். கதாநாயகி வெளியூரிலிருந்து வந்தாள். அவள் முகத்தில்தான் கறுப்பு பூசினார்கள்.

பழவேற்காட்டு ஏரியில் 'பாடு' என்றொரு முறை உண்டு. இறால் வலை போடும் இடங்களைப் பட்டினவர் கிராமங்கள் சீட்டுக் குலுக்கி, முறைவைத்துப் பகிர்ந்துகொள்ளும். சண்டை தவிர்க்கும் நல்ல ஏற்பாடு என்று ஆய்வாளர்கள் பாராட்டுவார்கள். பங்கு ஆண்களுக்குத்தான். பிடித்ததைக் கூடையில் சுமந்து விற்கும் பெண்களுக்கு இல்லை; சேற்றில் கையால் தடவி இறால் பிடிக்கும் இருளருக்கும் இல்லை. திரையிலும் இடம் இப்படித்தான் பிரிக்கப்படுகிறது, ஆனால் இங்கே குலுக்கல்கூட இல்லை.

குலுக்கல் போல ஒன்று நடந்தால் என்னவாகும் என்பதற்கு 'நெவர் ஹேவ் ஐ எவர்' தொடரைச் சொல்லலாம். திறந்த அழைப்புக்கு 15,000 பேர் வந்தார்கள். கனடாவின் ஈழத்தமிழ்ப் பெண் மைத்ரேயி ராமகிருஷ்ணன் தேர்வானார். ஆனால் அந்த அழைப்பைப் பார்க்க இணையமும் பதில் சொல்ல ஆங்கிலமும் வேண்டியிருந்தது.

'மாதிரி' என்றால் என்ன என்று கேட்டவள் இப்போது சந்தையில் மீன் விற்கும் பெண்களைச் சம்மதம் கேட்டு செல்போனில் பதிவு செய்கிறாள். விலை பேசுவது, திட்டுவது, சும்மா உட்கார்ந்திருப்பது. பதினோரு பேர் ஆகிவிட்டார்கள். இந்த வேலைக்கு என்ன படிக்க வேண்டும் என்று கேட்டாள். எனக்குத் தெரிந்த இரண்டு உதவி இயக்குநர்களின் எண்ணைக் கொடுத்தேன். இருவரும் ஆண்கள். அதனால் முதல் சந்திப்புக்கு நானும் வருவதாகச் சொல்லியிருக்கிறேன்.